சிக்னல் தண்டும் நான்கு வினைச்சொற்களும்



மொழி மன்றத்தின் பொதுச் சொற்பொழிவு வரிசையில் மோட்டார் வண்டியின் ஒரு சிறு உறுப்பைப் பற்றிப் பேச வந்திருப்பது சிலருக்கு வியப்பாக இருக்கலாம். நாம் எடுத்துக்கொண்டிருப்பது ஸ்டியரிங் சக்கரத்தின் பின்னே இருபுறமும் நீட்டிக்கொண்டிருக்கும் தண்டுகளை இயக்கும் சுவிட்ச். சிக்னல், முன்விளக்கு, கண்ணாடித் துடைப்பான் ஆகிய அனைத்தும் அந்த ஒரு பெட்டிக்குள் அடங்கும். உதிரிப்பாகக் கடையில் அதனைக் ‘கம்பினேஷன் சுவிட்ச்’ என்று கேட்டு வாங்குகிறோம். அது பழுதாகும்போது வண்டிக்காரர் பட்டறைக்குப் போய், “சிக்னல் சரியில்லை, போமன்” என்று மட்டும் சொல்லிவிட்டு நிற்கிறார். அந்த அரைகுறைச் சொற்றொடர்தான் நம் இன்றைய பொருள். அதனைக் கேட்டுப் பல்பு மாற்றியவர் உண்டு. ரிலே மாற்றியவர் உண்டு. முழுச் சுவிட்சையும் மாற்றிவிட்டுப் பழுது போகாமல் திகைத்தவரும் உண்டு. பழுதைச் சரியாகச் சொல்வது பழுது பார்ப்பதில் பாதி வேலை. சொல்வதற்குரிய சொற்கள் தமிழில் உள்ளன என்பதே நாம் காட்ட விழைவது.

‘போமன்’ என்ற சொல்லே பினாங்குக்கும் மலேசியாவுக்கும் உரிய ஒரு சிறு வரலாறு. ஆங்கிலேயர் காலத்து மேற்பார்வையாளரான ‘ஃபோர்மன்’, மலாய் நாவில் ‘போமன்’ ஆகி, பதவி இறங்கிப் பட்டறையில் ஸ்பேனர் பிடிப்பவரின் பெயராயிற்று. ஜெலுத்தோங் பட்டறையிலும் பட்டர்வொர்த் பட்டறையிலும் தமிழர், சீனர், மலாய்க்காரர் மூவரும் அப்பெயராலேயே அவரை அழைக்கின்றனர். அதனை நீக்கிவிட்டு வேறு சொல் புகுத்த வேண்டும் என்பது நம் கருத்தன்று.

‘சுவிட்ச்’ என்பதற்குத் தமிழ்ச் சொல் இல்லையா எனில், தேவைக்கு மேலேயே உள்ளன. இலங்கையின் கலைச்சொல்லாக்கத்தில் அது ‘ஆளி’. தமிழ்நாட்டில் ‘சொடுக்கி’ என்றும் ‘விசை’ என்றும் எழுதுவர். ‘விசை’ என்பதில் ஒரு தொல்லை உண்டு. இயற்பியல் பாடத்தில் தள்ளுவதும் இழுப்பதும் விசையே ஆதலால், ‘விசையின் மீது விசை செலுத்து’ என்று எழுதும் நிலை வரும். இலங்கைத் தமிழர் ஸ்டியரிங்கைச் ‘சுக்கான்’ என்பர். கப்பலைத் திருப்பிய சொல் வண்டியையும் திருப்புவது பொருத்தமே. ஆயினும், நாளைக்கே பட்டறையில் பயன்பட வேண்டிய உரை இது. ஆகவே சுவிட்ச், சிக்னல், ரிலே என்று நம்மவர் வழங்கும் சொற்களையே இங்கு ஆள்வோம்.

சொற்களுள் ஒன்றை மட்டும் நினைவுகூர்தல் தகும். ஒளிரும் சிக்னல் வருமுன் வண்டியின் கதவுத் தூணிலிருந்து சிறு கை ஒன்று எழுந்து திரும்பும் பக்கத்தைக் காட்டிற்று. ஒருகாலத்தில் நம் நாட்டுச் சாலைகளில் நிறைந்திருந்த மோரிஸ் மைனர் வண்டியில், 1961ஆம் ஆண்டில்தான் அந்தக் கைக்குப் பதிலாக மின்னும் விளக்கு வந்தது. இரயில் பாதையின் ‘கைகாட்டி’ என்னும் சொல் அந்தக் கருவிக்கு எத்துணைப் பொருத்தம்! கருவி மறைந்துவிட்டது, சொல் எஞ்சியிருக்கிறது.

இனிப் பொருளுக்கு வருவோம். தமிழ்ப்பள்ளியின் அறிவியல் பாடத்தில் மின்கலம், சுவிட்ச், மின்குமிழ் மூன்றையும் கம்பியால் இணைத்து மின்சுற்று அமைக்கிறோம். வண்டியில் இருப்பதும் அதே சுற்றுதான். பேட்டரியிலிருந்து ஃபியூஸ், அங்கிருந்து மினுக்கும் ரிலே, பிறகு தண்டின் சுவிட்ச், பிறகு இடப்பக்க விளக்குகள் அல்லது வலப்பக்க விளக்குகள், இறுதியில் வண்டியின் உடலாகிய எர்த். சில வண்டிகளில் இவ்வரிசை சற்று மாறும். சுவிட்சின் உள்ளே செம்புத் தகடுகள். அவற்றின் மேல் வழுக்கிச் செல்லும் தொடுமுனைகள். தண்டை நிலையில் நிறுத்த ஒரு சுருள்வில்லும் சிறு எஃகுக் குண்டும். திருப்பம் முடிந்ததும் தண்டைத் திருப்பியனுப்ப ஒரு பிளாஸ்டிக் கொக்கி. இவ்வளவே.

இப்போது “சிக்னல் சரியில்லை” என்பதைப் பிரித்துப் பார்ப்போம். தமிழில் நான்கு வினைகள் நமக்குக் கைகொடுக்கும்: எரியவில்லை, மினுக்கவில்லை, நிற்கவில்லை, மீளவில்லை. நான்கும் நான்கு வெவ்வேறு உறுப்புகளைச் சுட்டுவன.

மினுக்கவில்லை என்றால் விளக்கு எரிகிறது, ஆனால் விட்டுவிட்டு எரியாமல் ஒரே சீராக எரிகிறது. குற்றம் பெரும்பாலும் மினுக்கும் ரிலேயில். தண்டின் மேல் பழி போடுதல் ஆகாது. நிற்கவில்லை என்றால், தண்டைக் கையால் பிடித்திருக்கும்வரை சிக்னல் ஒழுங்காக வேலை செய்கிறது, கையை விட்டதும் நடுநிலைக்கு ஓடிவிடுகிறது. அது குண்டும் வில்லும் தங்கும் பள்ளத்தின் தேய்மானம். மின்சாரத்துக்கு இதில் பங்கே இல்லை. மீளவில்லை என்றால், சக்கரம் நேரான பின்னும் தண்டு திரும்பவில்லை. பிளாஸ்டிக் கொக்கி முறிந்திருக்கும், அல்லது அதனைத் தட்டவேண்டிய முனை இடம் மாறியிருக்கும். இடப்புறம் மீள்கிறது, வலப்புறம் மீளவில்லை எனில், அண்மையில் யாரேனும் ஸ்டியரிங் சக்கரத்தைக் கழற்றினாரா என்று முதலில் கேட்க வேண்டும். சக்கரத்தை ஒரு பல் தள்ளிப் பூட்டினாலும் இந்தக் கோளாறு வரும்.

எரியவில்லை என்பதே கடினமானது. ஏனெனில் அச்சொல் பலவற்றுக்குப் பொது. ஒரு விளக்கு மட்டும் எரியவில்லையாயின் பல்பையும் அதன் எர்த்தையும் பார்க்க வேண்டும். அப்போது மறு விளக்கு வழக்கத்தைவிட விரைந்து மினுக்கும் வண்டிகள் பல. அந்த விரைவு, பல்பு போய்விட்டது என்று வண்டியே சொல்லும் செய்தி. இருபுறமும் எரியவில்லை என்றால் நான்கு விளக்குகளையும் ஒருசேர மினுக்கும் அபாய விளக்குப் பொத்தானை அழுத்துதல் வேண்டும். பெரும்பாலான வண்டிகளில் அதற்கும் சிக்னலுக்கும் பல்பும் ரிலேயும் ஒன்றே. தண்டின் சுவிட்ச் மட்டும் அவ்வழியில் குறுக்கிடுவதில்லை. ஆகவே அபாய விளக்கு மினுக்கி, சிக்னல் எரியாவிட்டால், பல்பும் எர்த்தும் ரிலேயும் குற்றமற்றவை. எஞ்சியவை பெரும்பாலும் சிக்னலுக்குரிய ஃபியூசும் தண்டின் சுவிட்சுமே. ஒரு காசும் செலவின்றி, ஒரு திருகாணியும் கழற்றாமல் செய்யக்கூடிய சோதனை இது. மாணவர்கள் வேறெதனை மறந்தாலும் இதனை மறக்கலாகாது.

முன்விளக்குக்கு வரும்போது செய்தி கடுமையாகிறது. 13.5 கிலோமீட்டர் நீளமுள்ள பினாங்குப் பாலத்தில், நள்ளிரவில், பின்னால் லாரி வரும்போது முன்விளக்கு திடீரென அணைவதை எண்ணிப் பாருங்கள். முன்னறிவிப்பு இருந்திருக்கும்: தண்டை அசைத்தால் விளக்கு மீண்டும் எரிந்திருக்கும், பெட்டியின் அருகே பிளாஸ்டிக் கருகும் வாடை வந்திருக்கும். காரணத்தைக் கணக்கிட்டே காணலாம். 55 வாட் பல்பு இரண்டு. மொத்தம் 110 வாட். 12 வோல்ட்டில் அது ஏறத்தாழ 9 ஆம்பியர். ரிலே இல்லாத பழைய அமைப்பில் இம்மின்னோட்டம் முழுவதும் தண்டின் தொடுமுனை வழியே செல்கிறது. பசை இறுகியும் செம்பு கறுத்தும் அங்கே 0.1 ஓம் மின்தடை தோன்றிவிட்டால், 9 பெருக்கல் 9 பெருக்கல் 0.1, அதாவது ஏறத்தாழ 8 வாட் வெப்பம் அந்தச் சிறு பெட்டிக்குள் பிறக்கும். எரியும் 5 வாட் பல்பைத் தொட்டவருக்கு 8 வாட்டின் பொருள் விளங்கும். பிளாஸ்டிக் இளகும், தகடு தளரும், தடை இன்னும் கூடும், வெப்பமும் கூடும். இவ்வகை வண்டியில் புதுச் சுவிட்சை மட்டும் பூட்டினால் அதுவும் அவ்வழியே போகும். முன்விளக்குக்குத் தனி ரிலே சேர்த்தால் தண்டின் வழியே செல்லும் மின்னோட்டம் ஓர் ஆம்பியரில் சிறு பங்காகச் சுருங்கிவிடும். கூடுதல் ஒளி வேண்டுமென்று 100 வாட் பல்பு பூட்டுவோர் செய்வது இதற்கு நேர்மாறு.

அளவிடும் முறையிலும் ஒரு நுட்பம் உண்டு. மல்டிமீட்டரை ஓம் நிலையில் வைத்துச் சுவிட்சை அளந்தால் 0.1 ஓம் குற்றமாகவே தெரியாது. மீட்டரின் கம்பிகளுக்கே அவ்வளவு தடை இருக்கும். விளக்கை எரியவிட்டு, சுவிட்சின் நுழைமுனைக்கும் வெளிமுனைக்கும் இடையே வோல்ட் அளக்க வேண்டும். நல்ல சுவிட்சில் அது மிகச் சிறிதாக இருக்கும். அரை வோல்ட்டைத் தாண்டினால் சுவிட்ச் குற்றவாளி. சுமை தாங்கும்போதுதான் பலவீனம் வெளிப்படும்.

மாற்றுவதற்கு முன் ஒரு சொல். தொடுமுனை கறுத்திருப்பது மட்டுமே குறையெனில், தூய்மிப்புத் தெளிப்பான் சில காலம் உதவும். பெட்டியைத் திறப்பதாயின் ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக் பைக்குள் வைத்துத் திறத்தல் நலம். இல்லையேல் எஃகுக் குண்டு பட்டறையின் எந்த மூலைக்குப் போயிற்று என்று மாலைவரை தேட நேரும். தகடு குழிந்தோ பிளாஸ்டிக் உருகியோ இருந்தால் மாற்றுவதே வழி. பழைய வண்டிகளை அறுத்து உறுப்பு விற்கும் ‘பொத்தோங்’ கடைகளில் மலிவாகக் கிடைக்கும். ஆயினும் அதன் உள்ளிருக்கும் பசையும் நம் வண்டியின் பசையளவு முதிர்ந்ததே. செருகியின் ஊசிகளை எண்ணி, உறுப்பு எண்ணையும் ஒப்பிட்டு வாங்க வேண்டும். பின்கண்ணாடித் துடைப்பான் உள்ள வண்டிக்கும் இல்லாத வண்டிக்கும் வெளித்தோற்றம் ஒன்றாகவே இருக்கும்.

காற்றுப்பை இல்லாத பழைய வண்டியில் வேலை எளிது. சக்கரங்களை நேராக நிறுத்தி, பேட்டரியின் எதிர்முனையைக் கழற்றுகிறோம். ஹாரன் மூடியை எடுத்து, சக்கரத்திலும் தண்டிலும் ஒரே கோடாக அடையாளமிடுகிறோம். நடு நட்டைத் தளர்த்தினாலும் சில புரிகள் எஞ்சுமாறு விட்டே சக்கரத்தை அசைத்து இழுக்க வேண்டும். முழுதும் கழற்றிவிட்டு இழுத்தவரின் முகத்தைச் சக்கரம் பதம்பார்க்கும். பிறகு கீழ்ப்பக்கத் திருகாணிகளை எடுத்து மேலுறை கீழுறை இரண்டையும் பிரித்து, செருகிகளின் நாக்கை அழுத்திக் கழற்றி, சுவிட்சை எடுக்கிறோம். கம்பியைப் பிடித்து இழுத்தல் கூடாது. சில வண்டிகளில் சக்கரத்தைத் தொடாமலே, உறையைப் பிரித்தவுடன் தண்டை மட்டும் பக்கவாட்டில் உருவலாம். பூட்டும்போது அடையாளக் கோடுகள் ஒன்றுபட வேண்டும்; நட்டைத் தயாரிப்பாளர் குறித்த முறுக்களவில் இறுக்க வேண்டும்.

காற்றுப்பை உள்ள வண்டியோ முற்றிலும் வேறு. அதன் உள்ளே வெடிமருந்து இருக்கிறது. அதன் செருகி பெரும்பாலும் மஞ்சள் நிறம். அதில் மல்டிமீட்டரை வைத்து ஓம் அளப்பது உயிரோடு விளையாடுவது; மீட்டரின் சிறு மின்னோட்டமே அதனைத் தூண்டக்கூடும். பேட்டரியைக் கழற்றிய பின்னும் அமைப்பில் சேமித்த மின்னூட்டம் இறங்கக் கையேடு சொல்லும் நேரம் காத்திருக்க வேண்டும். கழற்றிய பையை முகப்பு மேல்நோக்கி இருக்குமாறு வைக்க வேண்டும். இவ்வேலையைப் பயிற்சி பெற்றவர் செய்வதே முறை. மாணவர்கள் அருகிருந்து காணலாம். கை வைத்தல் ஆகாது.

அங்கேதான் சுவிட்சோடு ஒட்டியிருக்கும் இன்னோர் உறுப்பைச் சந்திக்கிறோம். சுழலும் சக்கரத்துக்கும் அசையாத கம்பத்துக்கும் இடையே மின்தொடர்பு அறாமலிருக்க, கடிகார வில்லைப்போல் சுருண்ட ஒரு தட்டை நாடா வைத்திருக்கிறார்கள். இதனைச் சுருள்நாடா எனலாம். 2014 ஏப்ரலில் டொயோட்டா நிறுவனம் உலகெங்கும் பல்வேறு குறைகளுக்காக 60 இலட்சத்துக்கும் மேற்பட்ட வண்டிகளைத் திரும்ப அழைத்தது. அவற்றுள் பெரும்பகுதிக்குக் காரணம் இந்த நாடாவே. அது சேதமுற்றால், விபத்தின்போது ஓட்டுநரின் காற்றுப்பை விரியாமல் போகலாம். மறு ஆண்டில் அமெரிக்காவில் ஃபோக்ஸ்வாகனும் இதே உறுப்புக்காக ஏறத்தாழ 4 இலட்சம் வண்டிகளை அழைத்தது. ஹாரன் ஒலிக்கவில்லை, காற்றுப்பை விளக்கும் எரிகிறது என்று இரண்டு குறைகளும் சேர்ந்து வந்தால், ஐயம் இந்த நாடாவின்மேல்தான் விழ வேண்டும். புது நாடாவை நடுப்படுத்தாமல் பூட்டினால், முதல் முழுத் திருப்பத்திலேயே அது அறுந்துவிடும். ஒரு கோடிவரை மெல்லச் சுற்றி, மறுகோடிவரை எத்தனை சுற்று என எண்ணி, அதில் பாதிக்குத் திருப்பி நிறுத்துவதே நடுப்படுத்தல். கையேட்டில் உள்ள குறி அதனை உறுதிசெய்யும். இந்த உறுப்பைப் பொத்தோங் கடையில் வாங்குதல் வேண்டாம்.

புதிய வண்டிகளில் தண்டு கணினிக்குக் குறிப்பனுப்புவதோடு சரி. டிக் டிக் ஓசைகூடப் பல வண்டிகளில் ஒலிபெருக்கியிலிருந்து வருகிறது. அங்கே ஸ்கேனர் தேவை. ஆயினும் நான்கு வினைகளும் அங்கும் செல்லும். இன்னொன்று: புரோட்டோன், பெரோடுவா, ஜப்பானிய வண்டிகளில் சிக்னல் தண்டு பெரும்பாலும் வலக்கைப் பக்கம், ஐரோப்பிய வண்டிகளில் இடக்கைப் பக்கம். வெயில் காலத்தில் துடைப்பானை ஆட்டிக்கொண்டு சந்தில் திரும்பும் வண்டியைக் கண்டால், அது சுவிட்சின் பழுதன்று, ஓட்டுநர் வண்டி மாற்றியிருக்கிறார் என்று கொள்க.

வேலை முடிந்ததும் சோதிக்க வேண்டியவை சில. இடமும் வலமும் திரும்பி இருபுறமும் தண்டு மீள்கிறதா என்று பார்க்க வேண்டும். சக்கரத்தை இரு கோடிகளுக்கும் திருப்பி ஹாரனை அழுத்திப் பார்க்க வேண்டும். பழைய வண்டி வாங்குவோருக்கும் இது பொருந்தும். சாவியைத் திருப்பியதும் காற்றுப்பை விளக்கு சில நொடிகள் எரிந்து அணைய வேண்டும். அணையாவிடில் பழுது இருக்கிறது. தொடக்கத்திலேயே எரியாவிடில், பழுதை மறைக்க யாரோ அந்தப் பல்பைக் கழற்றியிருக்கக்கூடும். உறையைப் பிரித்துப் பார்க்காமல் அவ்வண்டிக்குப் பணம் கொடுத்தல் ஆகாது.