தங்கம் வந்த வழி
(சின்னசேலம் கூட்டமைப்பு ஆண்டு விழாவில் உறுப்பினர் ஒருவர் பேசியது)



நம்ம குழுவுல தங்கம்னா அடகு, வட்டி, மீட்குறது, இதைத்தான் பேசுவோம். அந்தத் தங்கத்தைத் தோண்டினவங்க கதையை இன்னைக்குச் சொல்றேன்.

கர்நாடகாவுல கோலார் தங்கவயல். 1880-ல் ஜான் டெய்லர் கம்பெனி அங்கே சுரங்க வேலையை ஆரம்பிச்சது. உள்ளே இறங்கினவங்க பெரும்பாலும் நம்ம தமிழ் ஜனங்க. வட ஆற்காடு, சேலம் பக்கம் இருந்து பிழைக்கப் போன, நிலமில்லாத தலித் குடும்பங்கள். சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் மேல ஆழம். பாறை வெடிச்சுச் சரிஞ்சு எத்தனையோ பேர் உள்ளேயே போயிட்டாங்க.

விபத்து கண்ணுக்குத் தெரியும். தூசு தெரியாது. பாறையைத் துளைக்கும்போது பறக்கிற சிலிக்கா தூசு நுரையீரல்ல படிஞ்சு தழும்பாயிடும். அதுதான் சிலிக்கோசிஸ். 1940-களில் அங்கே 7,653 தொழிலாளிகளைப் பரிசோதிச்சதில், நூத்துக்கு நாற்பது பேருக்கு மேல அந்த நோய் இருந்தது. ராத்திரியெல்லாம் இருமுற புருஷனைத் தாங்கிப் பிடிச்சது வீட்டுப் பொம்பளைங்க.

2001 பிப்ரவரி 28-ல் சுரங்கத்தை மூடினாங்க. சயனைடு கலந்த மண்மேடு மட்டும் அப்படியே நிக்குது. காத்தடிச்சா ஊருக்குள்ள தூசு.

இதை ஏன் இங்கே சொல்றேன்? கல்குவாரி, கிரஷர், கிணறு வெட்டுன்னு நம்ம வீட்டு ஆளுங்களும் போறாங்க. அங்கே பறக்கிறதும் அதே தூசுதான். தழும்பான நுரையீரலைப் பழையபடி ஆக்க மருந்தில்லை. வராம தடுக்கலாம்.

மூணு விஷயம் மனசுல வைங்க. ஒண்ணு, தண்ணி விட்டுத் துளைக்கச் சொல்லிக் கேட்கணும். முகத்துல துண்டு கட்டினா மட்டும் போதாது. ரெண்டு, இருமல் விடலைன்னா ஆஸ்பத்திரியில் என்ன வேலை, எத்தனை வருஷம்னு சொல்லி எக்ஸ்ரே எடுக்கணும். இது டிபி மாதிரியே தெரியும். இது இருந்தா டிபியும் சுலபமா ஒட்டும். மூணு, சம்பளச் சீட்டு, அடையாள அட்டையைப் பத்திரமா வைங்க. வேலையால வந்த சிலிக்கோசிஸுக்கு இழப்பீடு கேட்கச் சட்டத்துல இடம் இருக்கு.

இனிமே வைத்தியச் செலவுக்குக் கடன் கேட்டு ஒரு அக்கா வந்தா, "வீட்டுக்காரர் என்ன வேலை பார்த்தாரு?"ன்னு கேட்போம். பதிலைத் தீர்மான நோட்டுல எழுதி வைப்போம். நாளைக்கு அதுவும் ஒரு சாட்சி.