முன்ஜாமீன் யாருக்குக் கேடயம்?

(ஒரகடத்தில் தொழிலாளர் கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



இராமானுசர் பிறந்த திருப்பெரும்புதூருக்கு அருகே நின்று பேசுகிறேன். ஒரு சிலருக்கே உரியது என்று பூட்டி வைக்கப்பட்ட மந்திரத்தை ஊரறியச் சொன்னவர் என்று உலகம் போற்றுகிறதே, அவர் பிறந்த மண் இது. இன்று இங்கே காரும் மோட்டார் சைக்கிளும் கைப்பேசியும் செய்கிறோம். ஆலைக்குள்ளே அனைவருக்கும் ஒரே சீருடை; ஒரே உணவுக்கூடம். மாலையிலே பேருந்தைவிட்டு இறங்கினால்? ஊர் ஒரு பக்கம், சேரி ஒரு பக்கம்! வாடகைக்கு அறை கேட்டால், பணம் எவ்வளவு என்பதற்கு முன்பே, "நீங்க எந்த ஆளுங்க?" என்ற கேள்வி!

அந்தக் கேள்வி வசையாகி, வசை அடியாகி, அடி கொலையாகும்போது குறுக்கே நிற்பதற்கென்று வந்ததுதான் 1989ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம். அதன் 18ஆவது பிரிவு, இச்சட்டப்படி குற்றஞ்சாட்டப்பட்டவருக்கு முன்ஜாமீன் கிடையாது என்கிறது.

தோழர் ஒருவர் கேட்டார்: "பொய் வழக்கு வரும்போதெல்லாம் நாம் முன்ஜாமீன் நாடுகிறோம். நமக்கு வேண்டும், மற்றவருக்கு வேண்டாம் என்பது எந்த ஊர் நியாயம்?"

நல்ல கேள்வி. மழுப்பாமல் விடையளிக்க வேண்டிய கேள்வி.

முன்ஜாமீன் ஏன் பிறந்தது? வெள்ளையர் வகுத்த 1898ஆம் ஆண்டு நடைமுறைச் சட்டத்தில் அதற்கென்று ஒரு பிரிவு இல்லை. செல்வாக்குடையோர் தம் எதிரிகளைப் பொய் வழக்கிலே சிக்க வைக்கின்றனர் என்று 1969இல் சட்ட ஆணையம் எடுத்துரைத்தது. 1973ஆம் ஆண்டுச் சட்டத்தில் அது 438ஆவது பிரிவாயிற்று. ஆக, வலியவன் தொடுக்கும் பொய் வழக்கிலிருந்து தப்ப ஒரு கேடயம்! சாதி வழக்கிலே வலியவன் யார்? புகார் கொடுத்துவிட்டு, இரவிலே கதவைத் தாழிட்டு அஞ்சிக் கிடப்பவனா? ஊரே பின்னால் நிற்க, உலாவுகிறவனா? எளியவனுக்கென்று வடித்த கேடயத்தை வலியவன் கையிலே கொடுத்தால், அது கேடயமாகவா இருக்கும்? புகாருக்கும் கைதுக்கும் இடைப்பட்ட நாட்களில்தானே சாட்சிகள் மிரட்டப்படுகின்றனர், சமரசம் திணிக்கப்படுகிறது! இந்த அச்சத்தைக் கருதியே 1995இல் உச்ச நீதிமன்றம் 18ஆவது பிரிவு செல்லும் என்றது.

நாமக்கல் மாவட்டத்துக் கோகுல்ராஜ் வழக்கை நினைத்துப் பாருங்கள். 2015 ஜூனில் திருச்செங்கோட்டிலே கடத்தப்பட்ட அந்த இளைஞரின் உடல் இருப்புப்பாதையிலே கிடந்தது. முதன்மைக் குற்றவாளி முன்ஜாமீன் பெற்றவரல்லர். மூன்று திங்களுக்கு மேல் தலைமறைவாக இருந்துகொண்டே, ஒலிப்பதிவுகளை ஊரெங்கும் உலவவிட்டார்! பின்னர் உயர் நீதிமன்றம் அளித்த ஜாமீனை 2016இல் உச்ச நீதிமன்றம் நீக்கியது. விசாரணையிலே முக்கியச் சாட்சியே பிறழ்ந்தார். தாயின் உறுதியால் வழக்கு மதுரைக்கு மாற்றப்பட்டு, 2022 மார்ச்சில் 10 பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. சட்டம் கதவடைத்தபோதே இத்தனை இடர்! கதவு திறந்திருந்தால்?

அந்தக் கதவும் ஒருமுறை திறக்கப்பட்டது. 2018 மார்ச் 20 அன்று உச்ச நீதிமன்றம், முன்ஜாமீனுக்குள்ள தடை முழுமையானதன்று என்றது. கைது செய்ய மேலதிகாரியின் இசைவு வேண்டும் என்றது. ஏப்ரல் 2 அன்று நாடு கொதித்தெழுந்தது. வடமாநிலங்களில் பலர் உயிரிழந்தனர். ஆகஸ்டில் நாடாளுமன்றம் 18-அ பிரிவைச் சேர்த்துத் தடையை மீட்டது. 2020 பிப்ரவரி 10 அன்று உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது.

ஆனால், தோழர்களே, வென்றுவிட்டோம் என்று உறங்கிவிடாதீர்கள்! அதே தீர்ப்பு, புகாரிலே குற்றத்துக்கு முகாந்திரம் தெரியவில்லையானால் தடை பொருந்தாது என்றும் சொல்லியிருக்கிறது. அது நியாயமே, பொய்ப் புகாருக்கு நாம் வழக்கறிஞரல்லர். ஆயின், இதன் பொருள் என்ன? வழக்கின் உயிர் முதல் புகாரிலே இருக்கிறது!

இரண்டு வழக்குகளைப் பாருங்கள். உத்தரகண்டில், வசை வீட்டின் நான்கு சுவர்களுக்குள் நடந்தது, பொதுமக்கள் பார்வையில் நடக்கவில்லை என்று கூறி, 2020 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இச்சட்டத்தின் கீழான குற்றச்சாட்டை நீக்கியது. மராட்டியத்திலே, தேர்தலில் தாங்கள் சொன்னபடி வாக்களிக்கவில்லை என்று வீட்டுக்கு வெளியே இழிவுபடுத்தித் தாக்கியதாகப் புகார். உயர் நீதிமன்றம் முன்ஜாமீன் கொடுத்தது. 2025 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அதை நீக்கியது. சட்டம் ஒன்றே! எங்கே நடந்தது, யார் பார்த்தார் என்ற விவரம்தான் வேறு.

ஆகவே, நம் தோழர் ஒருவர் ஆலைப் பேருந்திலோ, உணவுக்கூடத்திலோ, தெருவிலோ இழிவுபடுத்தப்பட்டால், ஆத்திரத்தோடு முழங்கிவிட்டு வந்துவிடாதீர்கள். அவருடன் காவல் நிலையம் செல்லுங்கள். சொன்ன சொல் என்ன, இடம் எது, நேரம் என்ன, உடனிருந்தவர் யார், இருவரும் எந்தச் சமூகத்தார் என்பவற்றை உள்ளது உள்ளபடி எழுதச் செய்யுங்கள். ஒரு சொல்லும் கூட்டாதீர்கள். எழுதியதை வாசித்துக் காட்டுவதும் நகல் கொடுப்பதும் 4ஆவது பிரிவின்படி காவல்துறையின் கடமை. ஜாமீன் மனு வந்தால், பாதிக்கப்பட்டவருக்கு அறிவிப்பு தரவேண்டும். அவர் சொல்லையும் கேட்கவேண்டும். இது 15-அ பிரிவு தரும் உரிமை. அன்று நீதிமன்றத்தில் அவர் தனியே நிற்கலாமா?

நாமும் முன்ஜாமீன் கேட்போம், வலியவன் நம்மீது பொய் வழக்குப் போடும்போது. எளியவனின் வாயை அடைக்க வலியவன் அதைக் கேட்கும்போது, மறுப்போம். இரண்டும் ஒரே நியாயந்தான்! தோளோடு தோள் நின்று வேலை செய்கிறவர்கள், காவல் நிலையத்து வாசலிலும் அப்படியே நிற்க வேண்டும்.