நந்தனும் கிந்தனும்
(பல்லாவரம் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் 1908இல் நாகர்கோவில் ஒழுகினசேரியில் ஏழை வீட்டில் பிறந்தார். படிப்பு பாதியில் நின்றது. டென்னிஸ் மைதானத்தில் பந்து பொறுக்கினார். நாடகக் கம்பெனியிலிருந்து 1935இல் சினிமாவுக்கு வந்தார். லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் 1944இல் கைது, 1947இல் விடுதலை. 1951இல் 'மணமகள்' படத்தைத் தாமே தயாரித்து, இயக்கி, நடித்தார். சம்பாதித்ததைக் கேட்டவர்க்கெல்லாம் கொடுத்து, 1957இல் மறைந்தார்.

படிக்க முடியாமல் போனவரல்லவா? அதனால்தான் 'கிந்தனார்' காலட்சேபம் செய்தார். நந்தனுக்குச் சிதம்பரம் போக ஆசை. சேரிப் பையன் கிந்தனுக்கோ படிக்க ஆசை! ரயிலேறிப் பட்டணம் போனான். ரயிலில் எல்லா ஜாதியும் ஒன்றாக உட்கார்ந்திருந்தது! படித்து, பள்ளிக்கூட இன்ஸ்பெக்டராக ஊர் திரும்பினான்.

சிரித்துவிட்டுப் போனால் போதுமா, தோழர்களே? களையெடுக்கப் போகும் பிள்ளையும், பட்டறையில் எடுபிடியாக நிற்கும் பிள்ளையும்தான் இன்றைய கிந்தன். அவனைப் பள்ளிக்கு அனுப்புங்கள்!