பாட்டைத் துறந்த வைணிகர்



மயிலாப்பூரில் சங்கீதமும் நாடக ரசனையும் ஒருங்கே குடிகொண்டிருந்த சுந்தரமய்யர் குடும்பத்தில் 1927-ஆம் ஆண்டு பிறந்து, 1934-இல் வெளிவந்த ‘சீதா கல்யாணம்’ படத்தில் தந்தை ஜனகராகவும், தமையனார் ராஜம் ராமராகவும், சகோதரி ஜயலட்சுமி சீதையாகவும் தோன்ற, தாம் ராவணனுடைய சபையில் கஞ்சிரா வாசிக்கும் பாலகனாக வந்து திரையுலகில் அடியெடுத்து வைத்தவர் எஸ். பாலசந்தர். வீணை வித்வானாகவே அவரை நம்மில் பலர் அறிவோம். நடிகராகவும் டைரக்டராகவும் விளங்கிய பாலசந்தரைப் பற்றிப் பேசவே இன்று வந்திருக்கிறேன். ‘இது நிஜமா’, ‘என் கணவர்’, ‘கைதி’ ஆகியவற்றை நேரம் கருதிப் பெயரளவில் சொல்லிவிட்டு, என் மனம் லயித்துக் கிடக்கும் ‘அந்த நாள்’ படத்துக்கே வந்துவிடுகிறேன்.

சென்னை மீது ஜப்பானியர் குண்டு வீசிய 1943 அக்டோபரைப் பின்னணியாகக் கொண்டு, ஒரு ரேடியோ எஞ்சினீயர் சுடப்பட்டு இறந்ததைப் பற்றி ஒவ்வொருவரும் தத்தம் நோக்கில் ஒவ்வொரு விதமாகச் சொல்லும் கதை அது. குரோசாவாவின் ‘ரஷோமோன்’ படம் தந்த உத்வேகத்தில் பிறந்த அக்கதையை ஜாவர் சீதாராமன் வசனமாக வடிக்க, சிவாஜி கணேசனும் பண்டரிபாயும் நடிக்க, 1954-இல் ஏவி.எம். நிறுவனத்தார் வெளியிட்டார்கள். பாட்டுக்காகவே ஜனங்கள் கொட்டகைக்குப் போய்க்கொண்டிருந்த அக்காலத்தில், நாதத்திலேயே ஊறிய ஒருவர் ஒரு பாட்டும் ஒரு நடனமும் இன்றிப் படமெடுத்தாரே, அந்தத் துணிவை என்னென்பது!

நான் ஒலிப்பதிவுத் தொழிலில் இருப்பவன். என்னிடம் வேலை பழக வரும் இளைஞர்களுக்கு, திரையை மூடிவிட்டு, அந்தப் படத்தின் ஆரம்பத்தை வெறும் காதால் கேட்கச் செய்வது என் வழக்கம். துப்பாக்கி வெடிக்கிறது, சற்றைக்கெல்லாம் அண்டை வீட்டுச் சின்னையா பிள்ளை பதறிப் பேசுகிறார். பின்னணி வாத்தியம் எங்கே ஒலித்தது, எங்கே ஓய்ந்தது என்று கேட்டால் பிள்ளைகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பார்கள். மறுபடியும் போட்டுக் காட்டிய பிறகே பிடிபடும். ஓசையை எங்கே நிறுத்துவது என்பதை வீணைத் தந்தியில் கற்றவருக்கே அந்தக் கணக்கு கைவரும் என்பது என் தீர்மானமான அபிப்பிராயம். நேயர்களே, நீங்களும் ஒருமுறை கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப் பாருங்கள்.

1964-இல் அவரே இயக்கி, நடித்து, இசையும் அமைத்த ‘பொம்மை’யின் முடிவில், நடிகர்களோடு தொழில்நுட்பக் கலைஞர்களையும் திரையில் நிறுத்தி, ஒவ்வொருவராகச் சபையோருக்கு அறிமுகம் செய்துவைத்தார். திரைக்குப் பின்னால் உழைக்கும் எங்களைப் போன்றோர் அதை என்றும் மறப்பதற்கில்லை.

பின்னர் அவர் வீணைக்கே தம்மை அர்ப்பணித்ததும், 1982-இல் பத்மபூஷண் விருது பெற்றதும், 1990-இல் பிலாய் நகரில் காலமானதும் நீங்கள் அறிந்தவையே. அவருடைய இசைத்தட்டுகளைப் போற்றிக் காக்கும் மயிலை ரசிகர்கள், அவருடைய படங்களையும் நல்ல பிரதியில் திரையிட்டு இளந்தலைமுறைக்குக் காட்ட முன்வர வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன்.