நம் வாழ்வை யார் பதிவு செய்வது?
(வெள்ளி விழாவில் ஆற்றிய உரை)

 

கல்விக் கழகத்தின் வெள்ளி விழாவில் ஓர் ஆவணப்படத்தைப் பற்றிப் பேசுவானேன் என்று சிலர் எண்ணக்கூடும். தம் மக்களின் வாழ்வை அறிவதும் கல்வியே என்பது நம் எண்ணம்.

1997 ஜூலை 11 அன்று, மும்பை ரமாபாய் நகரில் அண்ணல் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை அணிவிக்கப்பட்டிருந்தது. கொதித்தெழுந்து திரண்ட மக்கள்மீது காவல்துறையினர் சுட்டதில் பத்துப் பேர் மாண்டனர். அத்துயரம் தாளாமல், சில நாள்களில் விலாஸ் கோக்ரே என்னும் பாடகர் தம் குடிசையில் தூக்கிட்டு உயிர் துறந்தார். பொதுவுடைமை மேடைகளில் பாடிவந்த அவர், இறக்கும்பொழுது தலையில் நீலத்துணி கட்டியிருந்தார்.

அந்த நீலத்துணியின் பொருளைத் தேடிப் புறப்பட்டவர் ஆனந்த் பட்வர்தன். 1985-இல் வெளிவந்த அவருடைய படத்தில் கோக்ரே பாடியிருந்தார். தேடல் பதினான்கு ஆண்டுகள் நீடித்தது. அதன் பயனே 2011-இல் நிறைவுற்ற 'ஜெய்பீம் காம்ரேட்'. மூன்று மணி நேரத்திற்கும் மேற்பட்ட படம் அது.

செய்தித்தாள்களுக்கு அத்துப்பாக்கிச் சூடு சில நாள் செய்தி. பட்வர்தனோ மக்களிடம் மீண்டும் மீண்டும் சென்றார். மகனை இழந்த வீடுகளையும், நகரின் குப்பையை அள்ளும் தொழிலாளரையும், பாபாசாகேப்பைப் பாடும் பெண்களையும் காட்டினார். எழுத்தறியாதோர்க்கு அப்பாடல்களே பள்ளிக்கூடம் என்பதைப் படம் பார்ப்போர் உணர்வர். கோக்ரேயின் குரல் ஓய்ந்த பின்னர், புனேயின் கபீர் கலா மஞ்ச் இளைஞர்களும் சீத்தல் சாட்டேயும் அதே மரபில் பாடுவதையும் அதில் காண்கிறோம்.

தமிழ்நாட்டிலும் அமுதன், மதுரையில் மலம் அள்ளும் ஒரு பெண்ணின் அன்றாடப் பணியை 2003-இல் படமாக்கினார். திவ்யபாரதியின் 'கக்கூஸ்' 2017-இல் வெளிவந்தது.

இளைஞர்களே! பட்வர்தன் நம் சேரியில் பிறந்தவர் அல்லர். அவருக்கு நன்றி கூறுவோம். ஆயினும் நம் கதையைச் சொல்லப் பிறர் வரட்டும் என்று காத்திருத்தல் தகுமா? இன்று உங்கள் கைப்பேசியிலேயே காமிரா இருக்கிறது. துயரம் நேர்ந்த நாளில் மட்டும் அதை எடுக்காதீர்கள். நடவுப் பாட்டையும், ஒப்பாரியையும், பறையின் அடிகளையும் பதிவு செய்யுங்கள். நம் ஊரில் முதன்முதல் பள்ளி சென்றவர் யார், எந்த வழியே நடந்தார், வகுப்பில் எங்கே அமர்த்தப்பட்டார் என்று கேளுங்கள். இசைவு பெற்றே படமெடுங்கள். பெயரையும் ஊரையும் நாளையும் குறித்து வையுங்கள். எடுத்ததை முதலில் அவர்களுக்கே காட்டுங்கள்.

முதியோர் ஒவ்வொருவராக மறைந்து வருகின்றனர். அவர்களோடு அவர்தம் பாட்டும் மறையுமானால், நாளைய பிள்ளைகளுக்கு எஞ்சுவது பிறர் நம்மைப் பற்றி எழுதிய ஏடுகள் மட்டுமே. இப்பணியை இவ்வாண்டே தொடங்குவோம்.