வெட்டிக் கோக்கும் கலை

மெக்சிகோ நாட்டில் அல்வராடோ என்னும் கடற்கரை ஊருக்கு உங்களை அழைத்துச் செல்கிறேன். அந்நாட்டுக் கல்வித்துறை அங்கே ஒரு திரைப்படம் எடுப்பித்தது. 1936-இல் வெளிவந்த அப்படத்தின் பெயர் 'ரேதெஸ்'. வலைகள் என்பது பொருள். நடித்தவர் பெரும்பாலும் அவ்வூர் மீனவரே. பிரெட் சின்னமானுடன் இணைந்து அதனை இயக்கிய எமிலியோ கோமெஸ் முரியேல், அதன் தொகுப்பாளர் இருவருள் ஒருவருமாவார்.

தொகுப்பாளரின் தொழில் யாது? எடுத்த படச்சுருளை வெட்டி, வேண்டுவன கொண்டு, வேண்டாதன தள்ளி, முறைப்படக் கோத்தல். தம் தலைவனைப் பறிகொடுத்த மீனவர், அவன் உடலைப் படகிலேற்றித் துடுப்பு வலிக்கின்றனர். அலை ஓங்கி எழுகிறது. துடுப்பும் அலையும் அடுத்தடுத்துத் தோன்ற, மக்களின் எழுச்சி விளக்கமின்றியே நம் நெஞ்சில் பதிகிறது.

பின்னர் அவர் பல படங்களை இயக்கினார். 1960-இல் வந்த 'சிமித்ரியோ'வில், பார்வை மங்கிய முதிய ஆசிரியரை மாணவர் ஏய்க்கின்றனர். பள்ளியிலேயே வாழ்நாளைக் கழித்த எனக்கு, அக்கதையில் நகைப்பினும் நெகிழ்ச்சியே மிகுதி.

எழுதியதனைத்தையும் வைத்துக்கொள்ள விழைவது இளமையின் இயல்பு. உங்கள் கட்டுரையை ஒருமுறை தொகுப்பாளர் கண்கொண்டு படியுங்கள். நல்ல வரியாயினும், அவ்விடத்துக்கு வேண்டாததாயின் நீக்குங்கள். எஞ்சியது ஒளி பெறும்.