தனியே விடமாட்டோம்



1945இல் நியூயார்க்கில் அரங்கேறிய ‘கரோசல்’ இசைநாடகத்தில், கணவனை இழந்து கலங்கும் ஜூலிக்கு உறவுக்காரப் பெண் நெட்டி பாடும் பாடல் ‘யூ வில் நெவர் வாக் அலோன்’. நீ ஒருபோதும் தனியே நடக்கமாட்டாய் என்பது பொருள். 1963இல் லிவர்பூல் இசைக்குழு ஒன்று பாட, அது கால்பந்துத் திடலின் பாடலானது. 1972இல் அரீத்தா பிராங்ளின் அதை லாஸ் ஏஞ்சல்ஸ் ஆலயமொன்றில் பாடினார். 2020 பெருந்தொற்றில், 99 வயது டாம் மூரின் குரலும் அதில் சேர்ந்தது.

எம்மாவு வழியில் ஆண்டவர் ஆறுதல் சொன்னதோடு நிற்கவில்லை, கூடவே நடந்தார். நாமோ அடக்கத்தன்று பாடுகிறோம்; முப்பதாம் நாள் திருப்பலி முடிந்ததும் அந்த வீட்டை மறந்துவிடுகிறோம். இந்த வாரம் அப்படி ஒரு வீட்டிற்காவது போய் அமர்வோம். ஆமென்.